பயிற்றாதவருக்குத் தண்டிக்க என்ன உரிமை?

கோவையிலிருந்து சத்தியமங்கலம் செல்லும் சாலையில் கணபதியைக் கடந்து வடக்கே சென்றால் சரவணம்பட்டி வரும். ஒரு காலத்தில் சோளக்காடும் கிணற்றுப் பாசனமுமாக இருந்த சிற்றூர். 2011ஆம் ஆண்டில் மாநகராட்சியோடு இணைக்கப்பட்டது. இன்று கணினி நிறுவனங்களின் கண்ணாடி மாளிகைகள் அங்கே வரிசையாக எழுந்து நிற்கின்றன. அந்த மாளிகைகளை அண்ணாந்து பார்க்க உங்களை அழைக்கவில்லை. அவற்றின் நிழலிலே, அந்தச் சாலையை ஒட்டிய சந்துகளில் இயங்கிக் கொண்டிருக்கும் லேத்துப் பட்டறைகளுள் ஒன்றினுள் சற்றே நுழைந்து பாருங்கள் என்றுதான் அழைக்கிறேன்.

தொழிற்பயிற்சி முடித்த இளைஞன் ஒருவன் வேலை கேட்டு வந்து நிற்கிறான். பட்டறைக்காரர் அவனிடம், "லேத்து என்றால் என்ன? பத்து வரிகளில் விடை எழுதுக" என்று கேட்பதில்லை. மதிப்பெண் பட்டியலைப் பார்த்து மயங்குவதுமில்லை. இரும்புத் தண்டு ஒன்றை எடுத்துக் கொடுத்து, "இதை 25 மில்லிமீட்டருக்குக் கடைந்து கொண்டு வா, பார்க்கலாம்" என்கிறார். கடைந்து முடித்ததும் அவன் முகத்தைப் பார்ப்பதில்லை. சிபாரிசுக் கடிதத்தைப் பார்ப்பதில்லை. கேஜை எடுத்து வைக்கிறார். போக வேண்டிய முனை போகிறதா? போகக்கூடாத முனை நிற்கிறதா? அவ்வளவுதான். அந்த இரும்புத் துண்டுக்கு முன்னால் பணக்காரன் மகனும் ஒன்று, பாட்டாளி மகனும் ஒன்று!

பம்ப்செட்டின் தண்டு பிசகினால் என்ன நட்டம்? சில நூறு ரூபாய். பழைய இரும்புக்குப் போட்டுவிட்டு வேறொன்று கடைந்து கொள்ளலாம். அந்தச் சில நூறு ரூபாயைக் காப்பாற்ற இத்தனை கண்டிப்பு, இத்தனை சோதனை!

இனி, பட்டறையை விட்டு வெளியே வந்து, நம் நாட்டு மருத்துவமனை எதிலாவது நுழைந்து பாருங்கள். நள்ளிரவு 2 மணி. கட்டிலில் கிடப்பவர் உங்கள் தாயாக இருக்கலாம், என் தங்கையாக இருக்கலாம். அருகிலே, சென்ற மாதம் பணியில் சேர்ந்த செவிலியர் ஒருவர், கையில் ஊசியோடு நிற்கிறார். இந்த மருந்து இந்த நோயாளிக்குத்தானா, இந்த அளவுதானா, இந்த நேரத்திற்குத்தானா என்று சரிபார்க்கும் பழக்கத்தை அவருக்குப் பயிற்றியவர் யார்? பயின்றாரா என்று சோதித்தவர் யார்? எந்தக் கேஜை வைத்து அளந்தார்கள்?

இரும்பை அளக்கக் கேஜ் வைத்திருக்கும் நாடு, உயிரைக் காக்கும் கைகளை அளக்க எதை வைத்திருக்கிறது? இதுதான் இந்த ஞாயிற்றுக்கிழமை உங்கள் முன் வைக்கும் கேள்வி.

ஒரு கட்டு, ஒரு கால், ஓர் உயிர்

2022 நவம்பர் மாதத்தை மறந்திருக்க மாட்டீர்கள். 17 வயதுக் கல்லூரி மாணவி, கால்பந்து வீராங்கனை. முழங்கால் தசைநார்க் காயத்திற்காகச் சென்னை பெரியார் நகர் அரசு மருத்துவமனையில் அறுவை சிகிச்சை நடந்தது. அதன்பின் காலில் போட்ட கட்டு அளவுக்கு மீறி இறுகியது. இரத்த ஓட்டம் தடைப்பட்டது. ராஜீவ் காந்தி அரசுப் பொது மருத்துவமனைக்குக் கொண்டு சென்றார்கள். பந்தை உதைத்த காலை வெட்டி எடுத்தார்கள். அப்படியும் உயிரைக் காக்க முடியவில்லை. நவம்பர் 15ஆம் நாள் அந்தப் பெண் மறைந்தாள். நாடே கண்ணீர் வடித்தது.

கண்ணீரைத் துடைத்துக் கொண்டு சிந்திப்போம். இறுகிய கட்டைக் கண்டுபிடிக்க என்ன கருவி வேண்டும்? கோடி ரூபாய் இயந்திரமா? வெளிநாட்டு நிபுணரா? இல்லை, தோழர்களே! ஒரு கட்டைவிரலும் இரண்டு நொடிகளும் போதும். கட்டுக்கு வெளியே தெரியும் கால்விரல் நகத்தை அழுத்திவிட வேண்டும். வெளுத்த நகம் இரண்டு நொடிக்குள் மீண்டும் சிவக்கிறதா? விரல் வெதுவெதுப்பாக இருக்கிறதா? அசைக்க முடிகிறதா? தொட்டால் உணர்ச்சி இருக்கிறதா? மருந்து கொடுத்தும் அடங்காமல், காயத்துக்குப் பொருந்தாத அளவில், நோயாளி வலியால் துடிக்கிறாரா? இவற்றை ஒழுங்காகப் பார்த்துக் குறித்து வைப்பது. பிசகு தெரிந்தால், இரவு எத்தனை மணி ஆனாலும் மருத்துவரை எழுப்பிக் கட்டைத் தளர்த்தச் செய்வது. இதற்குப் பெயர்தான் நோயாளிப் பாதுகாப்பு. இது பாடநூலில் இருக்கிறது, பல்லாண்டுகளாக இருக்கிறது. நூலில் இருப்பது கைக்கு வந்து சேர வேண்டிய நேரத்தில் வந்து சேர்ந்ததா என்பதே கேள்வி.

அதன்பின் நடந்தது என்ன? இரண்டு மருத்துவர்கள் தற்காலிகப் பணிநீக்கம் செய்யப்பட்டனர். வழக்குப் பதிவாயிற்று. அரசு மருத்துவமனைகளில் அறுவை சிகிச்சைகள் தணிக்கை செய்யப்படும் என்று அரசு அறிவித்தது. தணிக்கை நல்லதுதான், வரவேற்கிறோம். சட்டம் தன் கடமையைச் செய்யட்டும். அதில் நமக்குத் தடையில்லை. ஆனால் இருவரைத் தண்டித்த மறுநாள் காலையில், மாவட்ட மருத்துவமனைகளிலும் தாலுகா மருத்துவமனைகளிலும் கட்டுப் போட்ட கால்களைச் சோதிக்கும் திறன் எத்தனை பேருக்குப் புதிதாகக் கைவந்தது? ஒருவருக்கும் இல்லை! தண்டனை அச்சத்தைக் கற்பிக்கும், திறனைக் கற்பிக்காது. அச்சம் கற்றவன் அடுத்த தடவை என்ன செய்வான்? தவறைத் திருத்தமாட்டான், மறைப்பான்.

அறிந்தால் போதுமா?

"எங்கள் மாணவர்களுக்கு இதெல்லாம் தெரியும்" என்று மார்தட்டும் பேராசிரியர்கள் இருக்கிறார்கள். தெரியும்தான். யார் மறுத்தார்? தெரிவது வேறு, செய்வது வேறு என்பதற்கு வரலாறே சான்று.

1847ஆம் ஆண்டு வியன்னா நகரப் பேற்று மருத்துவமனையில், பிள்ளை பெற வந்த தாய்மார்கள் காய்ச்சல் கண்டு கூட்டங்கூட்டமாக மடிந்தார்கள். இக்னாஸ் செம்மல்வைஸ் என்ற மருத்துவர் காரணத்தைக் கண்டார். பிணங்களை அறுத்துப் படித்த கையோடு மாணவர்கள் தாய்மார்களைத் தொட்டார்கள். அந்தக் கைதான் கூற்றுவனின் கை! குளோரின் கலந்த சுண்ணாம்பு நீரில் கைகழுவச் செய்தார். அந்த ஏப்ரலில் நூற்றுக்கு 18 என்றிருந்த சாவு, இரண்டே மாதங்களில் நூற்றுக்கு 2 அளவுக்குச் சரிந்தது. பெரிய மருத்துவர்கள் அவரைப் போற்றினார்களா? தூற்றினார்கள்! கனவான்களின் கையில் அழுக்கா என்று சீறினார்கள். கைகழுவ வேண்டும் என்று இன்று முதலாண்டு மாணவனுக்கும் தெரியும். ஆனால் ஒரு நோயாளியைத் தொட்டபின் அடுத்த நோயாளியைத் தொடுமுன் எத்தனை கைகள் கழுவப்படுகின்றன? மருத்துவமனைக்குச் செல்லும்போது நீங்களே நின்று எண்ணிப் பாருங்கள். எண்ணிக்கை வாய்ப்பேச்சைவிட உண்மை பேசும்.

இன்னொரு சான்று. 1977ஆம் ஆண்டு டெனரிப் தீவின் ஓடுதளத்தில் இரண்டு பெரிய விமானங்கள் மோதி 583 பேர் மாண்டனர். எதிரே மற்றொரு விமானம் இன்னும் விலகவில்லையோ என்ற ஐயம் ஒரு விமானப் பொறியாளருக்கு எழுந்தது, கேட்கவும் செய்தார். தலைமை விமானி அதைப் பொருட்படுத்தவில்லை. கீழே இருப்பவர் சொல்ல அஞ்சினால், மேலே இருப்பவர் கேட்க மறுத்தால், விமானம் எரியும் என்று பாடம் கற்ற விமானத்துறை, தட்டிச் சொல்வதையும் காது கொடுத்துக் கேட்பதையும் பயிற்சியாகவே வைத்தது. விமானிகளை அதில் சோதிக்கவும் செய்தது. நம் மருத்துவமனையில் நிலை என்ன? தலைமை மருத்துவர் மருந்தின் அளவைப் பத்து மடங்காகச் சொல்லிவிட்டால், "ஐயா, ஒரு பூச்சியம் கூடிவிட்டது போலிருக்கிறது" என்று சொல்லும் துணிவை ஒரு செவிலியருக்கு எந்தக் கல்லூரி பயிற்றியிருக்கிறது?

2008ஆம் ஆண்டு உலக சுகாதார நிறுவனம் அறுவை சிகிச்சைக்கென ஒரு சரிபார்ப்புப் பட்டியலை வெளியிட்டது. 19 வினாக்கள்; ஒரே ஒரு தாள். சரியான ஆள்தானா, சரியான பக்கம்தானா, உள்ளே வைத்த பஞ்சும் கருவியும் எண்ணிக்கை தவறாமல் வெளியே வந்தனவா என்று வாய்விட்டுக் கேட்கச் சொன்னது. நம் புதுடெல்லி உட்பட எட்டு நகரங்களில் அதைச் செய்து பார்த்தார்கள். நூற்றுக்கு 1.5 ஆக இருந்த சாவு 0.8 ஆகக் குறைந்தது, உலகம் வியந்தது. ஆனால் கனடாவின் ஒன்டாரியோ மாநிலத்தில் 101 மருத்துவமனைகள் அதே தாளைக் கைக்கொண்டபோது, சொல்லத்தக்க பயன் தெரியவில்லை என்று 2014இல் ஆய்வாளர்கள் எழுதினார்கள். தாள் அதே தாள். பயன் ஏன் வேறாயிற்று? இதுபற்றி அறிஞர்கள் வாதிட்டார்கள். நம் பட்டறைத் தொழிலாளியைக் கேட்டால் ஒரே வரியில் சொல்லிவிடுவான்: கேஜை ஆணியில் மாட்டி வைத்தால் தண்டு சரியாகிவிடாது, எடுத்து வைத்துப் பார்க்கப் பழக வேண்டும்!

எழுதிக் காட்டுவதா, செய்து காட்டுவதா?

இதற்கு வழியே இல்லையா? இருக்கிறது. ஸ்காட்லாந்து நாட்டின் டண்டி நகரில் ரொனால்ட் ஹார்டன் என்ற பேராசிரியர் 1975ஆம் ஆண்டிலேயே அந்த வழியை எழுதிக் காட்டிவிட்டார். மாணவன் வரிசையாகப் பல மேசைகளுக்குச் செல்கிறான். ஒவ்வொரு மேசையிலும் சில நிமிடங்களில் ஒரு வேலையைச் செய்து காட்ட வேண்டும். எல்லா மாணவருக்கும் அதே வேலை, அதே அளவுகோல். தேர்வாளரின் தயவுக்கோ கோபத்துக்கோ அங்கே அதிக இடமில்லை. 1990இல் ஜார்ஜ் மில்லர் என்ற அமெரிக்கப் பேராசிரியர் நான்கு படிகளைச் சொன்னார்: அறிதல், எப்படியென்று அறிதல், செய்து காட்டுதல், அன்றாடப் பணியில் செய்தல். நம் தேர்வுகளில் பெரும்பாலானவை முதல் இரண்டு படிகளிலேயே மூச்சு வாங்கி நின்றுவிடுகின்றன. நோயாளி கிடப்பதோ நான்காம் படியில்!

நம் ஊருக்கு ஏற்ப இந்தத் தேர்வை அமைத்தால் எப்படி இருக்கும்? இதோ, ஐந்து மேசைகள் போடுவோம்.

முதல் மேசையில், கட்டுப் போட்ட கால். நோயாளியாக நடிப்பவர் வலியால் முனகுகிறார். வலி மாத்திரையைக் கொடுத்துவிட்டு நகர்பவர் தோற்றார். விரலை அழுத்திப் பார்த்தவர் வென்றார்.

இரண்டாம் மேசையில், தட்டிலே ஒன்றுபோல் தோன்றும் சிறு குப்பிகள். ஒன்றில் மருந்து கரைக்கும் வெறும் நீர். மற்றொன்றில் பொட்டாசியம் குளோரைடு. இரண்டாவதை நீர்க்காமல் நரம்பில் செலுத்தினால் இதயம் நின்றுபோகும். அவசரம், அவசரம் என்று ஒருவர் பின்னால் நின்று கத்துகிறார். எழுத்தைப் படித்தபின் எடுக்கிறாரா, நிறத்தைப் பார்த்து எடுக்கிறாரா?

மூன்றாம் மேசைக்குக் கொங்குநாட்டில் தனிச் சிறப்பு உண்டு. வார்டில் இரண்டு பழனிச்சாமிகள்! "பழனிச்சாமி யாருங்க?" என்றால் இரண்டு தலைகளும் நிமிரும். "நீங்கதானே பழனிச்சாமி?" என்று கேட்டால், காது மந்தமான பெரியவர் எதற்கும் தலையாட்டுவார். "உங்க பேரு என்னங்க? அப்பா பேரு என்னங்க? எந்த ஊருங்க?" என்று அவர் வாயாலேயே சொல்ல வைத்து, கேஸ் சீட்டோடு ஒத்துப் பார்ப்பவர்தான் தேர்ந்தவர்.

நான்காம் மேசையில், ஷிப்டு மாறும் நேரம். பஞ்சாலையில் ஷிப்டு மாறும்போது எந்த இயந்திரத்தில் நூல் அறுகிறது என்று சொல்லிவிட்டுப் போகாத தொழிலாளி உண்டா? பத்து நோயாளிகளை ஒப்படைக்கும்போது, யாருக்கு என்ன ஆபத்து, எதைக் கண்காணிக்க வேண்டும் என்று மூன்று நிமிடத்தில் விடாமல் சொல்ல வேண்டும். கேட்டவர் திருப்பிச் சொல்ல வேண்டும்.

ஐந்தாம் மேசைதான் கடினம். அங்கே தலைமை மருத்துவராக நடிப்பவர் தவறான அளவைச் சொல்கிறார். மாணவி தட்டிச் சொல்கிறாரா? அதட்டினால் அடங்கிவிடுகிறாரா, மீண்டும் சொல்கிறாரா? இங்கே இன்னொன்றையும் சேர்ப்போம். உண்மையான தலைமை மருத்துவர்களையும் அதே மேசைக்கு அழைப்போம். செவிலியர் ஒருவர் தடுத்துச் சொல்லும்போது, "நன்றி, சரிபார்க்கிறேன்" என்று சொல்லத் தெரிகிறதா, "யாரைப் பார்த்துப் பேசுகிறாய்?" என்று உறுமுகிறாரா என்று அவர்களுக்கும் மதிப்பெண் போடுவோம். கீழே இருப்பவரை மட்டும் சோதிப்பது தேர்வல்ல. ஆண்டான் அடிமை முறையின் மறுபதிப்பு!

வள்ளுவர் மருத்துவத்தை நான்கு பகுதியாகப் பகுத்தபோது, நோயுற்றவர், மருத்துவர், மருந்து ஆகியவற்றோடு அருகிருந்து பணி செய்பவரையும் சேர்த்தே எண்ணினார். அந்த நான்காமவரைக் கணக்கிலிருந்து நீக்கியது குறளன்று; நம் காலத்துப் பதவிப் படிநிலை.

"இதெல்லாம் பாடத்திட்டத்தில் வந்துவிட்டதே" என்பார்கள். உண்மை. திறனை அடிப்படையாகக் கொண்ட மருத்துவப் பாடத்திட்டம் 2019இல் வந்தது. திறன் ஆய்வகமும் பதிவேடும் வேண்டும் என்றது. செவிலியர் பட்டப்படிப்பின் பாடத்திட்டம் 2021இல் திருத்தப்பட்டது. உலக சுகாதார நிறுவனம் நோயாளிப் பாதுகாப்புக்கென மருத்துவக் கல்லூரிகளுக்கு 2009இலும், எல்லா மருத்துவப் பணியாளருக்குமாக 2011இலும் பாட வழிகாட்டி வெளியிட்டது. இந்திய அரசு 2018 முதல் 2025 வரைக்கெனத் தேசிய நோயாளிப் பாதுகாப்புச் செயல்திட்டம் ஒன்றையும் வகுத்தது. ஏட்டுக்குப் பஞ்சமில்லை, தோழர்களே! நாம் கேட்பது எளிய கேள்வி. மாணவனின் பதிவேட்டிலுள்ள கையெழுத்துகள், வேலையைக் கண்ணால் பார்த்து அன்றன்று போட்டவையா? அல்லது ஆண்டுக் கடைசியில் ஒரே பேனாவால், ஒரே மாலையில் போட்டவையா? நெஞ்சில் கைவைத்துச் சொல்லட்டும்.

மனிதனை மட்டும் சோதித்தால் போதுமா?

மீண்டும் பட்டறைக்கு வாருங்கள். தகடு வெட்டும் பிரஸ்ஸில் விரல்களை இழந்த தொழிலாளர் பலரை நாம் அறிவோம். "கவனமாக இரு" என்று பலகை எழுதி மாட்டியதால் விரல்கள் தப்பவில்லை. இரண்டு கைகளாலும் இரண்டு பொத்தான்களை அழுத்தினால்தான் பிரஸ் இறங்கும் என்று அமைத்த இடத்தில்தான் தப்பின. மனிதன் களைப்பான், மறப்பான், தூங்கி வழிவான். அதை அறிந்து இயந்திரத்தை அமைப்பவனே அறிவாளி.

மருத்துவத்திலும் அந்த அறிவு உண்டு. ஆக்சிஜன் சிலிண்டரும் மயக்கத்துக்கான நைட்ரஸ் ஆக்சைடு சிலிண்டரும் ஒன்றின் இடத்தில் மற்றொன்று பொருந்தாதபடி, ஊசித்துளைகளை வெவ்வேறு இடத்தில் அமைத்திருக்கிறார்கள். நிறமும் வேறு. ஆனால் குழாய்களை வெட்டி ஒட்டுப்போட்டு இணைக்கும் இடத்தில் அந்தக் காவல் செத்துப் போகிறது. 2011ஆம் ஆண்டு நாகர்கோவிலை அடுத்த ஆசாரிப்பள்ளம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில், குடும்பக் கட்டுப்பாட்டு அறுவைக்கு வந்த ஒரு தாய்க்கு ஆக்சிஜனுக்குப் பதில் நைட்ரஸ் ஆக்சைடு செலுத்தப்பட்டது. மூளை பாதிக்கப்பட்டு, ஓராண்டுக்கும் மேல் கிடந்து, 2012இல் உயிர் நீத்தார். 28 லட்சம் ரூபாய்க்கு மேல் இழப்பீடு தர உயர் நீதிமன்றம் ஆணையிட்டது.

2018 டிசம்பரில் சாத்தூர். கருவுற்ற பெண்ணுக்கு எச்.ஐ.வி. கிருமியுள்ள இரத்தம் ஏற்றப்பட்டது. இரத்தம் கொடுத்த இளைஞருக்குக் கிருமி இருப்பது 2016இல் நடந்த இரத்ததான முகாமிலேயே தெரிந்திருந்தது. ஆனால் அச்செய்தி அவரைச் சென்றடையவில்லை. வெளிநாட்டு வேலைக்காகச் சோதித்துக் கொண்டபோது உண்மையை அறிந்து, தாமே ஓடி வந்து எச்சரித்தார். காலம் கடந்துவிட்டது. மனமுடைந்த அந்த இளைஞரும் பிழைக்கவில்லை. ஊழியர்கள் மீது நடவடிக்கை எடுத்தார்கள். அந்த ஊழியர்கள் குற்றவாளிகள் என்றே வைத்துக் கொள்வோம். 2016இல் கிடைத்த ஒரு செய்தி 2018இல் கொடுத்த இரத்தப் பையின் முன் வந்து நின்று "நில்!" என்று சொல்லும் ஏற்பாட்டைச் செய்ய வேண்டியவர் யார்? அவரை எந்தத் தேர்வு சோதித்தது? எந்த ஆணை தண்டித்தது?

ஆகவே, பயிற்சியும் சோதனையும் வார்டோடு நிற்கக்கூடாது. மருந்து வாங்கும் அதிகாரிக்கும், குழாய் பதிக்கும் பொறியாளருக்கும், பணி நேரத்தை வகுக்கும் கண்காணிப்பாளருக்கும், இலாபக் கணக்குப் பார்க்கும் தனியார் மருத்துவமனை முதலாளிக்கும் அதே தேர்வு வேண்டும்.

எண்ணத் துணிந்தவர்கள்

"நம் நாட்டில் நடக்கிற காரியமா?" என்று அலுத்துக் கொள்பவர்களுக்கு நம் மண்ணிலிருந்தே விடை சொல்கிறோம். 1976இல் மதுரையில் டாக்டர் வெங்கடசாமி தொடங்கிய அரவிந்த் கண் மருத்துவமனை, பின்னர் கோவையிலும் கிளை கண்டது. கிராமத்துப் பெண்களை எடுத்து, இரண்டாண்டுகள் பயிற்றி, கண் மருத்துவத்தின் தூண்களாக நிறுத்தினார்கள். அதைவிடப் பெரிய செயல், தங்கள் பிசகுகளைத் தாங்களே எண்ணியது. ஆறு லட்சத்துக்கும் மேற்பட்ட கண்புரை அறுவைகளை ஆராய்ந்து, அறுவையின் முடிவில் கண்ணுக்குள் ஒரு மருந்தைச் செலுத்தினால் சீழ்த்தொற்று நூற்றுக்கு 0.07இலிருந்து 0.02 ஆகக் குறைகிறது என்று 2017இல் உலகுக்கு அறிவித்தார்கள். மறைத்திருந்தால் அறிந்திருக்க முடியுமா? தமிழக அரசே, பேறுகாலத்தில் இறக்கும் ஒவ்வொரு தாயின் சாவையும் விசாரித்துப் பாடம் காணும் முறையை 1990களில் தொடங்கி வைத்தது. "யார் செய்தது?" என்பதோடு நில்லாமல், "எங்கே தாமதமாயிற்று? ஏன் தாமதமாயிற்று?" என்று கேட்ட முறை அது. தாய்மார்களுக்குச் செய்ததை மற்ற நோயாளிகளுக்குச் செய்ய என்ன தடை?

தடை ஒன்று உண்டு. அதை மறைக்க மாட்டோம். ஆள் பற்றாக்குறை! 2015இல் தேர்வாணையத்தின் மூலம் எடுக்கப்பட்ட செவிலியர்களுக்கு மாதம் 7,700 ரூபாய் தொகுப்பூதியம் கொடுத்தார்கள். 2017 நவம்பரில் அவர்கள் சென்னையில் திரண்டு போராடியதை நாடு கண்டது. ஊதியம் பின்னர் உயர்ந்தது. நிலையான பணி கேட்ட குரல் ஓயவில்லை. இரவெல்லாம் ஒருவரே ஒரு வார்டு முழுவதையும் ஓடியோடிக் கவனிக்க வேண்டுமானால், விரலை அழுத்திப் பார்க்க இரண்டு நொடி எங்கிருந்து வரும்? ஆகவே, பயிற்சி என்ற பெயரால் சுமையை மட்டும் ஏற்றுவதை நாம் ஏற்கமாட்டோம். ஆனால், ஆள் வரும்வரை பயிற்சி வேண்டாம் என்ற வாதத்தையும் ஏற்கமாட்டோம். படகில் ஆள் அதிகமென்றால் துடுப்புப் போடப் பழகுவது இன்னும் அவசரமாகிறது!

நம்மையும் சோதித்துக் கொள்வோம்

இனிச் சொல்லப்போவது உங்களுக்கும் எனக்கும் கசக்கும். ஊரில் ஒரு சாவு நடந்துவிட்டால், மருத்துவமனை வாசலில் முதலில் கூடுபவர்கள் நாம்தான். சாலையை மறிப்போம், கோஷம் போடுவோம், "டாக்டரை சஸ்பெண்டு செய்!" என்போம். அதிகாரி வருவார், ஆணை வரும், கலைந்து வீட்டுக்குப் போவோம். வெற்றி என்று நினைப்போம். யாருடைய வெற்றி அது? ஒரு காகிதத்தில் ஒரு பெயரை எழுதி, ஆள் போடாத குற்றத்தையும், பயிற்றாத குற்றத்தையும், பழுதுபார்க்காத குற்றத்தையும் மூடி மறைத்த நிர்வாகத்தின் வெற்றி! 2024 நவம்பரில் கிண்டி அரசு மருத்துவமனையில் மருத்துவர் ஒருவர் கத்தியால் குத்தப்பட்டார். மருத்துவப் பணியாளரைத் தாக்குவோரைத் தண்டிக்க 2008ஆம் ஆண்டிலிருந்தே தமிழ்நாட்டில் சட்டம் இருக்கிறது; அது இருந்தும் கத்தி பாய்ந்தது. கத்தி எந்த நோயாளியையும் காப்பாற்றியதில்லை.

மருத்துவமனையில் பத்துப் பேருக்கு ஒருவர் சிகிச்சையாலேயே தீங்குறுகிறார் என்றும், அதில் பாதிக்கு மேல் தடுக்கக்கூடியவை என்றும், பாதுகாப்பற்ற மருத்துவத்தால் உலகில் ஆண்டுக்கு 30 லட்சம் பேருக்கு மேல் மடிகிறார்கள் என்றும் உலக சுகாதார நிறுவனம் கணக்கிடுகிறது. இத்தனையும் கெட்டவர்கள் செய்த தீங்கா? இல்லை. பெரும்பாலும் நல்லவர்கள், களைத்தவர்கள், பயிற்றப்படாதவர்கள், தட்டிச் சொல்ல அஞ்சியவர்கள் செய்தது. நல்லவர்களைத் திறமுடையவர்களாக்குவது கோஷத்தால் ஆகாது, ஏற்பாட்டால்தான் ஆகும்.

ஆகவே, அடுத்தமுறை வாசலில் கூடும்போது வேறு கோரிக்கைகளை எழுப்புவோம். பணியில் சேரும் ஒவ்வொருவரும் செய்து காட்டித் தேறிய பிறகே தனியாக இரவுப் பணிக்கு விடப்பட்டாரா? ஆண்டுக்கொருமுறை மீண்டும் சோதிக்கிறீர்களா? மருத்துவர், செவிலியர், ஆய்வகப் பணியாளர், வார்டு ஊழியர் எல்லாரும் ஒன்றாக நின்று பயிற்சி பெறுகிறார்களா? தவறை ஒப்புக்கொள்பவரைப் பழிவாங்காத பதிவேடு இருக்கிறதா? அதில் எழுதியதைக் கொண்டு சென்ற ஆண்டு எதை மாற்றினீர்கள்? ஒரு செவிலியருக்கு இரவில் எத்தனை நோயாளிகள்? இவற்றுக்கு விடை கேட்போம், எழுத்தில் கேட்போம், அரசு மருத்துவமனையில் கேட்பதைத் தனியார் மருத்துவமனையிலும் கேட்போம். ஆண்டுதோறும் செப்டம்பர் 17ஆம் நாள் உலக நோயாளிப் பாதுகாப்பு நாள் என்று 2019 முதல் கொண்டாடுகிறார்கள். ரிப்பன் கட்டி, படமெடுத்து, பலகாரம் தின்று கலையும் நாளாக அதை விடாமல், விடை கேட்கும் நாளாக ஆக்குவோம்.

குற்றம் இழைத்தவர் தப்ப வேண்டும் என்று நாம் சொல்லவில்லை. தெரிந்தும் அலட்சியம் செய்தவரை, குடித்துவிட்டு வந்தவரை, பணத்துக்காக அறுத்தவரைச் சட்டம் விடக்கூடாது. ஆனால் கற்பிக்காமல், சோதிக்காமல், ஆளும் கருவியும் கொடுக்காமல், ஓர் இளம்பெண்ணை இருட்டில் தனியே நிறுத்திவிட்டு, பிணம் விழுந்தபின் நீதிபதி நாற்காலியில் ஏறி அமர்கிறார்களே, அவர்களைப் பார்த்துக் கேட்கிறோம்: பயிற்றாதவருக்குத் தண்டிக்க என்ன உரிமை?

சரவணம்பட்டிப் பட்டறையில் இரும்புத் தண்டுக்குக் கிடைக்கும் மரியாதை, கட்டிலில் கிடக்கும் மனிதனுக்கும் கிடைக்க வேண்டும். நாம் கேட்பது அவ்வளவுதான். அதற்குக் குறைவாக எதையும் ஏற்க மாட்டோம்.